லத்தீன் இசைப் பெண்களுக்கான விருதுகள்: எந்தப் பட்டியலைப் பின்தொடர்வது?

ஸ்பானிஷ் பாட்டு கேட்க ஆரம்பித்த பலருக்கும் ஷகிராதான் வாசல். அப்புறம் கரோல் ஜி, ரோசலியா. அதற்குப் பிறகு ஒரு சுவர். பாட்டுச் செயலி ஒரே பத்துப் பெயர்களைத்தான் திரும்பத் திரும்ப நீட்டும். மெக்ஸிகோவில் தொடங்கி அர்ஜென்டினா வரை இருபது நாடுகளில் பெண்கள் பாடுகிறார்கள், எழுதுகிறார்கள், ஒலிப்பதிவு செய்கிறார்கள். அவர்களில் யாரைக் கேட்பது என்று சொல்ல நம்மிடம் ஆள் கிடையாது. அப்போதுதான் விருதுப் பட்டியல்களைப் பிடித்துக்கொண்டேன். யாரோ உட்கார்ந்து சலித்து வைத்திருக்கிறார்கள், அதைப் பயன்படுத்திக்கொள்வோமே என்ற சோம்பேறித்தனமான கணக்குதான்.

ஆனால் பட்டியல்களும் ஏகப்பட்டவை. எல்லாவற்றையும் பின்தொடர வேலை வெட்டி இல்லாமல் இருக்க வேண்டும். ஆண்டுக்கு ஒன்றை எடுத்து, அதில் வரும் பெண்களை முழுதாகக் கேட்டு முடிப்பது என்றால் எதை எடுப்பது? என் கண்ணில் பட்டவை நான்கு வகை. பெண்களுக்கென்றே தொலைக்காட்சியில் நடக்கும் விழா ஒன்று. துறைக்குள் மட்டும் நடக்கும் பாராட்டு நிகழ்ச்சி ஒன்று. ஆண் பிரிவு, பெண் பிரிவு என்று பிரித்துக் கொடுக்கும் விருதுகள் ஒரு வகை. எல்லாரையும் ஒரே தட்டில் வைத்து எடைபோடும் லத்தீன் கிராமி கடைசி.

தொலைக்காட்சி விழாவிலிருந்து தொடங்குகிறேன், பார்க்கச் சுகமானது அதுதான். அமெரிக்க இசைப் பத்திரிகையான பில்போர்ட் 2023இல் டெலிமுண்டோ என்ற ஸ்பானிஷ் மொழித் தொலைக்காட்சியோடு சேர்ந்து, லத்தீன் இசையில் பெண்களுக்காக மட்டும் ஒரு விழாவைத் தொடங்கியது. பில்போர்டின் பொதுவான பெண்கள் விழா 2007இலேயே வந்துவிட்டது. ஸ்பானிஷ் உலகுக்கெனத் தனி மேடை கிடைக்கப் பதினாறு ஆண்டுகள் ஆயின. மயாமியை ஒட்டிய கோரல் கேபிள்ஸில் நடந்த முதல் விழாவில் 'ஆண்டின் சிறந்த பெண்' ஷகிரா. கால்பந்து வீரர் ஜெரார்ட் பிக்கேயைப் பிரிந்து, இரண்டு மகன்களோடு பார்சலோனாவை விட்டு மயாமிக்குக் குடிவந்த புதிது. அரங்கமே அவர் என்ன பேசப்போகிறார் என்று காத்திருந்தது. அதே இரவில் மெக்ஸிகோவின் ஆனா கப்ரியேல், தாலியா, கொலம்பியாவின் கோயோ, அர்ஜென்டினாவின் மரியா பெசெரா ஆகியோரும் கௌரவிக்கப்பட்டார்கள்.

இந்த விழாவில் எனக்குப் பிடித்தது, ஒருவரின் மொத்த வாழ்க்கையையும் வைத்துப் பேசுவார்கள். ஆனா கப்ரியேலின் குரலை 'இந்த ஆண்டின் சிறந்த பாப் ஆல்பம்' என்ற சின்னப் பெட்டிக்குள் திணிக்க முடியாது. அவருக்கு வாழும் சகாப்தம் என்ற மரியாதைதான் சரி. கோயோவையும் எடுத்துக்கொள்ளுங்கள். கொலம்பியாவின் பசிபிக் கரையோரம், ஆப்பிரிக்க வம்சாவளியினர் நிறைந்த சோக்கோ பகுதியிலிருந்து வந்தவர். சோக்கிப்டவுன் என்ற குழுவில் ராப் பாடியவர். பிரைம் டைமில் அப்படி ஒருவர் நின்று தன் ஊரைப் பற்றிப் பேசுவது லேசில் நடக்காது. லத்தீன் கிராமி மேடையில் பேச்சு கொஞ்சம் நீண்டால் இசைக்குழு வாசிக்கத் தொடங்கி ஆளைக் கீழே இறக்கிவிடும். இங்கே அந்த அவசரம் இல்லை.

குறை என்னவென்றால் இதில் போட்டியே கிடையாது. பரிந்துரைப் பட்டியல் இல்லை, தோற்றவர்கள் இல்லை. யாருக்கு என்ன என்பது முன்கூட்டியே அறிவிக்கப்பட்டுவிடும். ஆளைத் தேர்ந்தெடுத்துவிட்டு அவருக்கு ஏற்றபடி விருதின் பெயரைத் தைப்பார்கள் போல, ஒரு ஆண்டு 'தொலைநோக்கு', இன்னொரு ஆண்டு 'முன்னோடி' என்று பட்டங்கள் மாறிக்கொண்டே இருக்கும். தொலைக்காட்சிக்கு ஆள் சேர வேண்டும் என்பதால் எல்லாரும் ஏற்கெனவே அறிந்த முகங்கள். 2024இல் கரோல் ஜி. அவர் அதே ஆண்டு மார்ச்சில் பில்போர்டின் பொது விழாவிலும் 'ஆண்டின் சிறந்த பெண்'. ஒரே பத்திரிகை, ஒரே ஆண்டு, ஒரே ஆள், இரண்டு விழா! 2025இல் செலினா கோமெஸ். அவர் மேல் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. ஆனால் பெரும்பாலும் ஆங்கிலத்தில் பாடுபவர், 2017இலேயே பில்போர்டின் பொது விருதையும் வாங்கியவர். புதுக் குரல் தேடி வந்த எனக்கு அந்தப் பெயரால் என்ன பயன்? அந்த ஆண்டு விழாவை முழுதும் பார்த்துவிட்டு, புதிதாக ஒரு பாட்டைக்கூடச் சேமிக்காமல் எழுந்தேன்.

இங்கே ஒரு சின்ன விலகல். 'லத்தீன்' என்றால் என்ன என்பதிலேயே இந்த விருதுகள் ஒத்துப்போவதில்லை. பில்போர்ட் விழாவில் வேர் முக்கியம். செலினா கோமெஸின் தந்தை வழி மெக்ஸிகோ, அது போதும். லத்தீன் கிராமியில் மொழி முக்கியம். பாட்டு பெருமளவு ஸ்பானிஷிலோ போர்ச்சுகீஸிலோ இருக்க வேண்டும், பாடுபவர் எங்கே பிறந்தால் என்ன. அதனால்தான் இத்தாலிக்காரரான லாரா பௌசினி அங்கே கொண்டாடப்படுகிறார். ஸ்பெயினில் பிறந்த ரோசலியா அள்ளிக்கொண்டு போகும்போதெல்லாம் 'இவர் லத்தீனா?' என்ற சண்டை கிளம்புகிறது. எனக்குக் காது மட்டும்தான் இருக்கிறது, ரத்த உறவு பார்க்க வழியில்லை. ஆகவே மொழி அளவுகோலே எனக்கு வசதி.

துறைக்குள் நடக்கும் பாராட்டு என்று சொன்னேனே, அது லத்தீன் கிராமியை நடத்தும் அதே லத்தீன் ரெக்கார்டிங் அகாடமியுடையது. பெயர் 'லீடிங் லேடீஸ் ஆஃப் என்டர்டெயின்மென்ட்'. 2017இல் தொடங்கியது. லத்தீன் கிராமி வாரத்தில், பெரிய விழாவுக்குச் சில நாட்கள் முன்னால் நடக்கும். பாடகிகளோடு நிறுவன நிர்வாகிகள், மேலாளர்கள், ஊடகத்துறைப் பெண்கள் என்று திரைக்குப் பின்னால் இருப்பவர்களையும் அழைத்துக் கௌரவிப்பார்கள். வெளியே பெரிதாகச் சத்தம் வராது. மறுநாள் ஒரு புகைப்படமும் நான்கு வரிச் செய்தியும் வரும், அவ்வளவுதான்.

கேட்பவனுக்கு இதில் நேரடியாக எடுத்துக்கொள்ள ஒன்றும் இல்லை. ஒரு நிர்வாகியின் பெயரைத் தேடினால் பாட்டு வராது, பணிவரலாறு வரும். ஆனாலும் இந்த நான்கில் மிகவும் தேவையான விருது இதுதான் என்று நினைக்கிறேன். எந்தப் பாடகிக்கு ஒப்பந்தம், எந்த ஆல்பத்துக்கு விளம்பரப் பணம், யாருக்கு எந்த ஊர் மேடை என்று தீர்மானிக்கும் நாற்காலிகளில் பெண்கள் உட்கார்ந்தால்தான் மற்ற மூன்று விருதுகளின் பட்டியலும் மாறும். நீங்கள் இசைத்துறையில் வேலை செய்பவராக இருந்தால் இதைத்தான் பின்தொடரச் சொல்வேன். வீட்டில் காதில் மாட்டிக்கொண்டு கேட்பவர் என்றால், வேண்டாம்.

அடுத்தது பிரிவு பிரித்துக் கொடுப்பது. யூனிவிஷன் தொலைக்காட்சி 1989 முதல் நடத்தும் பிரேமியோ லோ நுவெஸ்ட்ரோ இதில் மூத்தது. பாப், நகர்ப்புற இசை, மெக்ஸிகோ நாட்டார் இசை என்று வகை பிரித்து, பல வகைகளிலும் ஆண் கலைஞர், பெண் கலைஞர் என்று தனித்தனியாகக் கொடுப்பார்கள். ரசிகர்கள் வாக்களிப்பார்கள். பில்போர்டின் லத்தீன் மியூசிக் விருதுகளிலும் இதே பிரிவினை உண்டு. அங்கே விற்பனை, ரேடியோ, ஸ்ட்ரீமிங் கணக்குதான் நீதிபதி.

இந்த முறையைக் கேலி செய்பவர்கள் உண்டு. 'பெண்ணுக்கு என்று தனி ஓட்டப்பந்தயம் எதற்கு, பாட்டில் என்ன உயரம் எடையா இருக்கிறது' என்பார்கள். சரிதான். ஆனால் செலினா குவின்டனிலாவின் (மேலே சொன்ன செலினா கோமெஸ் வேறு) கதையை ஒருமுறை பாருங்கள். டெக்சாஸில் வாழும் மெக்ஸிகோ வம்சாவளியினரின் தெஹானோ இசை அப்போது முழுக்க ஆண்களின் கோட்டை. பெண் பாடினால் கூட்டம் வராது என்று நிகழ்ச்சி அமைப்பாளர்கள் அவருடைய தந்தையின் முகத்துக்கு நேராகவே சொன்னார்கள். 1987இல் தெஹானோ மியூசிக் விருதுகளில் சிறந்த பாடகி என்ற பிரிவு அவர் கையில் விழுந்தது. பள்ளிக்குப் போகும் வயது. அதன் பிறகு அந்தப் பிரிவு அவருடைய சொத்து மாதிரியே ஆகிவிட்டது. ஆண்களோடு ஒரே பெட்டியில் போட்டிருந்தால் அந்த வயதில், அந்த ஊரில், அவருக்கு எத்தனை வாக்கு விழுந்திருக்கும்? தனிப்பிரிவு ஒரு ஊன்றுகோல். அதைப் பிடித்து நடந்தவர் 1994இல் ஊன்றுகோல் இல்லாமலேயே, சிறந்த மெக்ஸிகன் அமெரிக்க ஆல்பத்துக்கான கிராமியை வாங்கினார். அது ஆண், பெண் பிரிக்காத விருது. அந்தப் பிரிவில் வென்ற முதல் தெஹானோ பாடகி அவர். மறு ஆண்டு மார்ச்சில் சுட்டுக் கொல்லப்பட்டபோது 24 வயது நிறைய இன்னும் பதினாறு நாள்தான் இருந்தது.

எனவே கொள்கையளவில் எனக்கு இந்த முறையோடு சண்டை இல்லை. நடைமுறையில்தான் பலன் குறைவு. ரசிகர் வாக்கும் விற்பனைக் கணக்கும் எதைச் சொல்லும்? ஏற்கெனவே ஓடிய பாட்டு ஓடியது என்று சொல்லும். அதைத்தான் செயலியே தினமும் சொல்கிறதே. கல்யாண வீட்டிலோ ஜிம்மிலோ போட ஒரு பட்டியல் வேண்டும் என்றால் கண்ணை மூடிக்கொண்டு இதை எடுத்துக்கொள்ளலாம்.

கடைசியாக லத்தீன் கிராமி. முதல் விழா 2000 செப்டம்பரில், லாஸ் ஏஞ்சலஸில். வாக்களிப்பவர்கள் அகாடமி உறுப்பினர்கள், அதாவது பாடுபவர்கள், எழுதுபவர்கள், ஒலிப்பதிவு செய்பவர்கள். எத்தனை பேர் கேட்டார்கள் என்ற கணக்கு அங்கே அதிகாரபூர்வமாக எடுபடாது. ஆரம்ப ஆண்டுகளில் இங்கும் சிறந்த பாப் ஆல்பத்தை ஆண், பெண் என்று பிரித்தார்கள். 2012இல் அதைக் கைவிட்டு ஒன்றாக்கினார்கள்.

ஒன்றாக வைத்தால் பெண்களுக்கு என்ன கிடைத்தது? நேர்மையாகச் சொன்னால் நீண்ட காலம் சொற்பம்தான். ஆண்டின் சிறந்த ஆல்பம் என்ற தலையாய விருதை 2006இல் ஷகிரா வாங்கினார். அதை வாங்கிய முதல் பெண் அவரே. அடுத்த பெண் மேடையேற 2019 வரை காத்திருக்க வேண்டியிருந்தது, ரோசலியா வந்தார். 2020இல் மெக்ஸிகோவின் நட்டாலியா லாஃபுர்காட், 2022இல் மறுபடி ரோசலியா, 2023இல் கரோல் ஜி. 2025 வரை 26 முறை கொடுத்ததில் பெண்களுக்கு ஐந்து, அந்த ஐந்தில் நான்கு கடைசி ஏழு ஆண்டுகளில். 'ஆண்டின் மனிதர்' என்று வாழ்க்கைச் சாதனைக்காகக் கொடுக்கும் கௌரவம் இன்னும் மோசம். 25 முறை கொடுத்ததில் பெண்கள் மூன்றே பேர்: 2008இல் குளோரியா எஸ்தஃபான், 2011இல் ஷகிரா, 2023இல் லாரா பௌசினி. 2000இல் முதன்முதலாக அதை வாங்கியவர் யார் தெரியுமா? குளோரியாவின் கணவர் எமிலியோ. மனைவியின் முறை வர எட்டு ஆண்டுகள்.

இந்தக் கணக்கைப் பார்த்தால் லத்தீன் கிராமியை ஒதுக்கிவிட்டு வேறு பக்கம் போகத் தோன்றும். நானும் போயிருப்பேன், பட்டியலின் கீழ்ப்பகுதியைப் படிக்காமல் இருந்திருந்தால்.

2022இல் லாஸ் வேகாஸில் நடந்த விழாவில் சிறந்த புதுமுகக் கலைஞர் விருது இரண்டு பேருக்குச் சமமாக விழுந்தது. ஒருவர் மெக்ஸிகோவின் சில்வானா எஸ்ட்ராடா, இருபதுகளில் இருந்தார். இன்னொருவர் ஆஞ்ஜெலா ஆல்வாரெஸ். அவருக்கு 95 வயது! 1927இல் கியூபாவில் பிறந்தவர். சின்ன வயதிலேயே கிதார் வாசித்துப் பாட்டுக் கட்டியவர். பாடகியாக வேண்டும் என்று கேட்டபோது, வீட்டில் பாடு, வெளியே வேண்டாம் என்று அப்பா மறுத்துவிட்டார். மகள் அதை மீறவில்லை. கல்யாணம், நான்கு பிள்ளைகள், புரட்சிக்குப் பின் பிள்ளைகளை முதலில் அமெரிக்காவுக்கு அனுப்பிவிட்டுப் பிறகு தானும் போய்ச் சேர்ந்த துயரம், புற்றுநோயில் போன கணவர், கடைசியில் லூசியானா மாநிலத்தின் பேட்டன் ரூஜில் குடும்ப வாழ்க்கை. நடுவே எழுதிய பாட்டுகள் ஐம்பது வரை சேர்ந்திருந்தன. குடும்பத்துக்கு வெளியே யாரும் கேட்டதில்லை. இசையமைப்பாளரான பேரன் அவற்றைப் பதிவு செய்ய உட்கார்ந்தபோதுதான் எத்தனை இருக்கின்றன என்பதே தெரிந்தது. 2021இல் ஆல்பம் வெளியானது. மறு ஆண்டு மேடையில் ஏறி, காலம் கடந்துவிட்டது என்று எதுவும் இல்லை என்றார். 2024 டிசம்பரில் இறந்தார்.

அவருடைய ஆல்பத்தைப் போட்டுக் கேளுங்கள். குரல் கொஞ்சம் நடுங்கும், பொலேரோ என்ற மெதுவான காதல் பாட்டு வகையின் தாளம் மட்டும் அசையாது. ரசிகர் வாக்கெடுப்பில் இவருக்கு எத்தனை வாக்கு விழுந்திருக்கும்? விற்பனைக் கணக்கில் இவர் எங்கே இருந்திருப்பார்? தொலைக்காட்சி விழாவுக்கு இவரைக் கூப்பிட்டிருப்பார்களா? இசைக்காரர்கள் உட்கார்ந்து கேட்டு வாக்களித்ததால்தான் இவர் பெயர் எனக்கு வந்து சேர்ந்தது. முதல் லத்தீன் கிராமியிலேயே இதே புதுமுக விருதை எழுபது தாண்டிய கியூபப் பாடகர் இப்ராஹிம் ஃபெரர் வாங்கினார் என்பதும் இங்கே ஞாபகம் வருகிறது. இந்தப் பிரிவுக்கு வயதுக் கணக்கு தெரியாது போல.

இன்னொரு லாபமும் உண்டு. லத்தீன் கிராமி முகத்துக்கு மட்டும் கொடுப்பதில்லை, வேலைக்கும் கொடுக்கிறது. 2017இல் உலகமே 'டெஸ்பசிட்டோ' முணுமுணுத்தது. லூயிஸ் ஃபோன்சியைத் தெரியும், டாடி யாங்கியைத் தெரியும், ரீமிக்ஸில் ஒட்டிக்கொண்ட ஜஸ்டின் பீபரையும் தெரியும். அதைக் கூடவே எழுதிய எரிகா எண்டரை? பானமாவைச் சேர்ந்தவர். ஆண்டின் சிறந்த பாடல் விருது பாடலாசிரியர்களுக்கு உரியது என்பதால்தான் அவர் பெயர் அந்த மேடையில் ஒலித்தது. 2018இல் ஆண்டின் சிறந்த தயாரிப்பாளர் விருதை வெனிசுவேலாவின் லிண்டா பிரிசேனோ வாங்கினார், அதை வாங்கிய முதல் பெண். எக்காளம் வாசிப்பவர், பாடுபவர், ஒலிப்பதிவு அறையில் முடிவெடுப்பவர். எந்தப் பெண்கள் விழாவிலும் 'சிறந்த ஒலிப்பதிவு மேசைக்காரி' என்று பட்டம் கொடுத்து நான் பார்த்ததில்லை.

2023 நவம்பரில் விழா முதல்முறையாக அமெரிக்காவை விட்டு ஸ்பெயினின் செவில் நகருக்குப் போனது. அந்த இரவை மட்டும் எடுத்துக்கொண்டால் நான்கு தலையாய விருதுகளும் பெண்கள் பக்கம். சிறந்த ஆல்பம் கரோல் ஜி, சிறந்த ஒலிப்பதிவு (ஒரு பாட்டின் பதிவு வடிவத்துக்கான விருது) நட்டாலியா லாஃபுர்காட், சிறந்த பாடல் ஷகிராவும் அர்ஜென்டினாவின் இசைத் தயாரிப்பாளர் பிஸாராப்பும் மற்ற இருவரும் சேர்ந்து எழுதியது, சிறந்த புதுமுகம் வெனிசுவேலாவின் ஹோவாகினா. தனி ஒதுக்கீடு எதுவும் இல்லாமல் நடந்தது. இனிக் கவலை இல்லை என்று எழுதினவர்கள் அடுத்த ஆண்டே வாயை மூடிக்கொண்டார்கள். 2024இல் ஆல்பமும் ஒலிப்பதிவும் ஹுவான் லூயிஸ் கெர்ரா, பாடல் ஹோர்ஹே டிரெக்ஸ்லர், பெண்ணுக்குக் கிடைத்தது கொலம்பியாவின் எலா டாபர்ட் வாங்கிய புதுமுக விருது மட்டும். 2025இல் ஆல்பம் பேட் பன்னி, ஒலிப்பதிவு அலெஹாந்த்ரோ சான்ஸ் என்று இரண்டு ஆண்களுக்கு, பாடல் கரோல் ஜி, புதுமுகம் மெக்ஸிகோவின் பலோமா மார்ஃபி என்று இரண்டு பெண்களுக்கு. ஊஞ்சல் மாதிரி போய் வருகிறது. எனக்கு அது பரவாயில்லை. முடிவு முன்கூட்டியே தெரிந்த விழாவைவிட ஊஞ்சல் நல்லது.

ஆக என் தேர்வு லத்தீன் கிராமி. அதிலும் வென்றவர்களின் பட்டியலை எடுத்துக்கொள்வதில்லை, வழக்கமாகச் செப்டம்பரில் வரும் பரிந்துரைப் பட்டியலைத்தான் எடுக்கிறேன். வெற்றி ஒருவருக்கு, பரிந்துரை பலருக்கு. ஆல்பம், பாடல் என்ற பெரிய பிரிவுகளைத் தாண்டிக் கீழே இறங்க வேண்டும். நான் முதலில் பார்ப்பது புதுமுகம், பிறகு பாடி எழுதுபவர்களுக்கான ஆல்பம், பிறகு நாட்டார் இசை, பிறகு போர்ச்சுகீஸ் மொழிப் பிரிவுகள். பிரேசில் பெண்களை மற்ற மூன்று விருதுகளிலும் அவ்வளவாகப் பார்க்க முடியாது, அனிட்டாவைத் தவிர. ஒவ்வொரு பிரிவிலும் பெண் பெயர்களை ஒரு தாளில் எழுதிக்கொண்டு வாரத்துக்கு ஒருவர் என்று கேட்டால் அடுத்த செப்டம்பர் வரை தாங்கும். பில்போர்ட் பெண்கள் விழாவை விட்டுவிடவில்லை. வீட்டில் யாராவது 'இதென்ன பாஷை, யார் இவர்கள்' என்று கேட்டால் உட்காரவைத்துக் காட்ட அதைவிட நல்லது இல்லை.

விழாவை நேரலையில் பார்க்க நினைப்பவர்களுக்கு ஒரு தகவல். தொலைக்காட்சியில் வருவது சில விருதுகள் மட்டும். பெரும்பாலானவற்றை அதற்கு முன்பே, அன்று பகலில் 'பிரீமியர்' என்ற நிகழ்ச்சியில் கொடுத்துவிடுவார்கள். அது இணையத்தில் வரும். அமெரிக்காவில் வியாழன் நடந்தால் நமக்கு அது நள்ளிரவை ஒட்டியோ தாண்டியோ விழும், பெரிய விழா வெள்ளிக்கிழமை விடிந்த பிறகு. நான் பெரிய விழாவை விட்டுவிட்டுப் பிரீமியருக்குத்தான் கண் விழிக்கிறேன். பாதி நாற்காலிகள் காலியாக இருக்கும், ஆனால் தாளில் எழுதிவைத்த பெயர்கள் பலவும் அங்கேதான் கூப்பிடப்படும்.